அந்த வரி படத்தில் இல்லை

2012ஆம் ஆண்டு ஜனவரி இருபதாம் தேதி, வெள்ளிக்கிழமை, பிற்பகல் மூன்று மணி. கடியப்பட்டணம் கடற்கரையில், பாறைகளுக்கு இந்தப் பக்கம், ஒரு தாய் தன் மகனைத் துரத்திவிடும் காட்சியைப் படமாக்கத் தொடங்கினார்கள். நான் இயக்குநரின் நாற்காலிக்குச் சற்றுப் பின்னால், மடியில் நாவலை வைத்துக்கொண்டு அமர்ந்திருந்தேன். அந்தக் காட்சி முடிந்தால் ஊரைவிட்டுக் கிளம்பலாம் என்று படப்பிடிப்புக் குழு முழுவதும் காத்திருந்தது. நான் மட்டும் அது தொடங்காமலே இருக்கக் கூடாதா என்று நினைத்தேன். ஏனென்றால் அந்தக் காட்சியில் சொல்லப்படவிருந்த வரி, ஓர் ஆண்டாக நான் சுமந்து திரிந்த வரி.

அப்போது நாகர்கோவிலில் ஒரு கல்லூரியில் தமிழிலக்கிய ஆய்வு மாணவியாக இருந்தேன். ஆய்வுப்பொருள் அந்த ஒற்றை நாவல். நான் பிறப்பதற்கு முன் வெளிவந்தது. அதைப் படமாக்க வந்த இயக்குநர், நாவலை வரிவரியாக அறிந்த ஒருவர் படப்பிடிப்பில் கூடவே இருக்க வேண்டும் என்று என் நெறியாளரிடம் கேட்டிருக்கிறார். நெறியாளர் என்னை அனுப்பிவைத்தார். வேலை எளியது. ஒரு காட்சிக்கு முன் நாவலில் என்ன நடந்திருக்கிறது, பின் என்ன நடக்கிறது என்று கேட்பார்கள். நான் பக்கத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும். கருத்து கேட்க மாட்டார்கள். எனக்கு அது பொருந்தியது. கேட்கப்படாத இடத்தில் பேசும் வழக்கம் எனக்கு எப்போதும் இருந்ததில்லை.

ஐயத்தோடுதான் வந்தேன். நாவல் என்பது நினைவுகளால் ஆனது, கேமராவுக்கு நினைவு தெரியாது என்பது என் எண்ணம். முதல் வாரத்திலேயே அது ஆட்டம் கண்டது. அந்தத் தாய் கணவனையும் மூத்த மகனையும் கடலுக்குக் கொடுத்தவள் என்பதைச் சொல்ல நாவலாசிரியர் நான்கு பக்கங்கள் எடுத்துக்கொண்டிருப்பார். நல்ல பக்கங்கள். இயக்குநர் அவற்றை எப்படிச் சுருக்குவார் என்று கவலையோடு பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் சுருக்கவில்லை. வீட்டு முற்றத்தில் இரண்டு தென்னைகளுக்கு நடுவே ஒரு பழைய துடுப்பைக் குறுக்காகக் கட்டச் சொன்னார். அதன்மேல் அந்தத் தாய் துவைத்த துணியைக் காயப்போட்டாள். அவ்வளவுதான் காட்சி. துழாவ ஆள் இல்லாத துடுப்பு துணிக்கொடியாகிவிட்டது. நான்கு பக்கங்களும் அதில் இருந்தன. அன்று வீடு திரும்பும் பேருந்தில் நெடுநேரம் என் கைகளைப் பார்த்துக்கொண்டே வந்தது நினைவிருக்கிறது.

தாயாக நடித்தவர் நடிகை அல்லர். அந்த ஊர்க்காரர். தலைச்சுமையாக மீன் கொண்டுபோய் உள்ளூர்ச் சந்தைகளில் விற்பவர்; ஐம்பது வயதிருக்கும். இயக்குநர் அவரைச் சந்தையில் பார்த்து, முகத்துக்காகத் தேர்ந்தெடுத்தார். எழுத்துக் கூட்டி வாசிப்பார் என்றாலும், வசனங்களை முந்தின நாளே நான் வாசித்துக் காட்ட வேண்டும் என்பது ஏற்பாடு. ஒருமுறை கேட்டால் போதும். நான் அவரை அக்கா என்று அழைத்தேன். அவர் என்னைப் பிள்ளே என்பார். மனம் கனிந்தால் மக்கா.

மகனாக நடித்த இளைஞர் சென்னை நாடகக் குழுவிலிருந்து வந்தவர். அக்காவுக்கு அவரைச் சீண்டுவது பொழுதுபோக்கு.

"ஏலே, நீ வள்ளம் தள்ளுகதப் பாத்தா வள்ளம் ஒன்னத் தள்ளுகது மாதிரி இருக்கு. நாலு நாளு எனக்க வீட்டுல வந்து கஞ்சி குடி. பொறவு நடிக்கலாம்."

"கஞ்சிக்கு மீன் உண்டுமா அம்மா?" என்று அவரும் அந்த ஊர்ப் பேச்சைப் பழகிப் பார்ப்பார்.

"நீ தள்ளுக தள்ளுக்கு ஊறுகா போதும்."

இப்படித்தான் மூன்று வாரங்கள் ஓடின. அழ வேண்டிய காட்சியில் அழுதார், சண்டை போட வேண்டிய காட்சியில் அண்டை வீட்டு நாய் கட்டுக்கயிற்றை அறுத்துக்கொள்ளும்படி சண்டை போட்டார். அவருக்கு எதுவும் கடினமில்லை என்று எல்லோரும் நம்பியிருந்தோம்.

அந்தக் காட்சிக்கு வருகிறேன். கடல் வேண்டாம் என்று இளைய மகனை ஆசிரியர் பயிற்சிக்கு அனுப்புகிறாள் தாய். அவன் பாதியில் விட்டுவிட்டுத் திரும்பி வந்து, தந்தையின் வள்ளத்தைக் கடலில் இறக்குகிறான். அவள் கரையில் அவன் எதிரே நின்று சொல்கிறாள்: "போலே. நீ இனி எனக்க முற்றத்த மிதிக்காண்டாம்." நாவலை வாசித்தவர்கள் வேறு எதை மறந்தாலும் இதை மறப்பதில்லை. புத்தகத்தின் பின்னட்டையில் அதுதான் அச்சாகியிருந்தது. என் ஆய்வேட்டின் மூன்றாம் இயல் முழுவதும் அந்த வரியைப் பற்றியதே. ஒரு தாய் தன் கடைசி உறவையும் அறுத்துக்கொள்ளும் முழுமையான துறவு அது என்று நிறுவியிருந்தேன்.

முதல் டேக். மகன் எதிரே வந்து நிற்க, அக்கா சொன்னார். ஆனால் உள்ளே போன குரலில், சாப்பிட வா என்பதைப் போலச் சொன்னார். யாரோ சிரித்தார்கள். அவரும் சிரித்துவிட்டார்.

இரண்டாவது டேக்கில் சிரிக்க எதுவும் இல்லை. "போலே" என்றார். ஒரு நொடி நிறுத்தி, மீதியைச் சொன்னார். கரையில் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த பெண்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். பக்கத்தில் எத்தனையோ முறை பென்சிலால் அடிக்கோடிட்ட சொற்கள் ஒரு தொண்டையிலிருந்து வெளியே வருவதைக் கேட்டபோது நான் மடியிலிருந்த நாவலை மூடிவிட்டேன். ஆனால் சொல்லி முடித்த மறுகணம் அக்காவின் வலக்கை தானாக மேலே போயிற்று. கட்டை விரலால் அந்த இளைஞரின் நெற்றியில் சிறிய குருசு ஒன்றை வரைந்துவிட்டு இறங்கியது.

"கட்" என்றார் இயக்குநர்.

அந்தக் கடற்கரை ஊர்களில் கடலுக்குப் போகிறவன் நெற்றியில் தாயோ மனைவியோ சிலுவை வரையாமல் அனுப்புவதில்லை. எங்கள் வீடு திங்கள்நகர் பக்கம். நாங்கள் வேறு சபை. எங்களில் பிள்ளைகள் வெளியூர் கிளம்பினால் அப்பா கண்ணை மூடி ஜெபம் செய்வார். ஒருவரையொருவர் தொட மாட்டோம். அதனால் இந்த வழக்கத்தை அங்கு வந்த பிறகே கண்ணால் கண்டிருந்தேன். அது எத்தனை விரைவாக நடக்கிறது என்பதே எனக்கு வியப்பு. செருப்பு மாட்டுவதைப் போல, யோசிக்காமல் நடக்கும்.

மூன்றாவது டேக்கிலும் கை போயிற்று. நான்காவதில் கையைச் சேலை முந்தானையில் சுற்றிக்கொண்டார். முந்தானையோடு போயிற்று.

"அம்மா, நீங்க அவனைத் துரத்துறீங்க. ஆசீர்வாதம் பண்ணக் கூடாது" என்றார் இயக்குநர், பொறுமையாக.

"எனக்கு அது தெரியாதா டைரக்டரே? வாயி ஒங்களுக்க பேச்சக் கேக்குது. கை கேக்கல்ல. நான் என்ன செய்ய?"

"வேணும்னா நான் கொஞ்சம் தள்ளி நிக்கட்டுமா அம்மா?" என்றார் இளைஞர்.

"நீ சும்மா கெட. ஒன்ன மாதிரி ஒருத்தன் எனக்கும் உண்டு. அவனும் இப்படித்தான், போகும்போ நெத்தியக் குனிஞ்சு காட்டிட்டு நிப்பான்."

அதைச் சொன்ன பிறகு அவர் முகம் மாறியது. ஓரமாகப் போய் ஒரு கவிழ்த்த வள்ளத்தின் மேல் உட்கார்ந்துகொண்டார். இயக்குநர் கண்ணைக் காட்ட, நான் தண்ணீர்ப் புட்டியோடு போனேன்.

"பிள்ளே, நேத்து நீ வாசிச்சுக் காட்டும்போ ஒண்ணும் தோணல்ல. புஸ்தகந்தானேண்ணு கேட்டுட்டு இருந்தேன். இப்போ கடலப் பாத்துட்டு நிண்ணு சொல்லியாச்சு. ஒரு தடவ இல்ல, நாலு தடவ." தண்ணீரை வாங்கினார், குடிக்கவில்லை. "எனக்க மொவன் தங்கல்ல கெடக்கான். நாளைக்குக் குளச்சலுல கர பிடிக்கணும்."

தங்கல் என்றால் விசைப்படகில் போய் நாட்கணக்கில் கடலிலேயே தங்கி மீன்பிடிப்பது. அவருடைய ஒரே மகன் திங்கட்கிழமை போனவன். ஞாயிறு பூசைக்குக் கரையில் இருக்க வேண்டும் என்பதால் சனிக்கிழமை காலை எல்லாப் படகுகளும் துறைமுகம் திரும்பிவிடும். அவன் கடலில் இருக்கிற நாளில், கடலை நோக்கி நின்று, மகனே திரும்பி வராதே என்று சொல்லிவிட்டார். இனிச் சொல்ல மாட்டார்.

நான் திரும்பிப் போய் இயக்குநரிடம் அதை அப்படியே சொன்னேன். அவர் என்னை வற்புறுத்தச் சொல்வார் என்று எதிர்பார்த்தேன். வெயில் மஞ்சளாகிக்கொண்டிருந்தது. அதே ஒளி மறுநாள் கிடைக்கும். ஆனால் குழு மறுநாள் அங்கே இருக்காது. உதவி இயக்குநர், வரியை வேறு குரலில் சேர்த்துக்கொள்ளலாம் என்றார். இயக்குநர் என் பக்கம் திரும்பினார்.

"நாவல்ல இந்த வரிக்கு அடுத்தது என்ன?"

பக்கத்தைத் திருப்ப வேண்டிய தேவை எனக்கு இல்லை. "பிறகு அவள் கடலைப் பார்க்கவில்லை."

"அப்புறம்?"

"அத்தியாயம் முடிந்துவிடுகிறது."

அவர் இரண்டாவது டேக்கை மானிட்டரில் மறுபடி ஓடவிட்டார். வசனம் வரும் இடத்தை அவர் கவனிக்கவில்லை. கை எழும் இடத்தில் நிறுத்தினார். பின்னால் தள்ளி, மறுபடி பார்த்தார். சற்று நேரம் கழித்து எழுந்து அக்காவிடம் போனார்.

"அம்மா, வசனம் வேண்டாம். ஒண்ணும் பேசாதீங்க. கோபமா நில்லுங்க, போதும்."

"கை போச்சுண்ணா?"

"போகட்டும்."

பிறகு இளைஞரைத் தனியே அழைத்துப் போய்ச் சில சொற்கள் சொன்னார். அவை என்ன என்று எங்களுக்குக் கேட்கவில்லை. ஆனால் உடனே தெரிந்துவிட்டது.

ஆக்ஷன் சொன்னார்கள். மகன் தாயின் எதிரே வந்து நின்றான். அவள் பேசவில்லை. அவன் முகத்தையும் பார்க்கவில்லை; அவன் சட்டையின் ஒரு பொத்தானைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பேசக் கூடாது என்று சொன்னதால் அவளுக்குள் என்னவெல்லாமோ அடைபட்டுக் கிடந்தது. தாடை மட்டும் அசைந்தது. மற்ற டேக்குகளில் அவன் நிற்கும் நேரம் அவளுக்குப் பழகியிருந்தது. இந்த முறை அவன் அவ்வளவு நேரம் நிற்கவில்லை. சட்டென்று திரும்பி நடந்தான். அப்போதுதான் அவள் கை மேலே எழுந்தது.

அங்கே நெற்றி இல்லை.

கை நின்றது. கட்டை விரல் நீண்டு, மற்ற விரல்கள் மடங்கி, ஓர் ஆள் உயரத்தில், வெற்றிடத்தில் நின்றது. அவள் அந்தக் கையைப் பார்த்தாள், அது யாருடையது என்பதைப் போல. அவன் வள்ளத்தைத் தள்ளும் ஓசை கேட்டது. அவளால் கையைக் கீழே இறக்க முடியவில்லை. பிறகு மிக மெதுவாக, அவன் நெற்றி இருந்திருக்க வேண்டிய இடத்தில், காற்றில், மேலிருந்து கீழாக ஒரு கோடு, இடமிருந்து வலமாக ஒரு கோடு வரைந்து முடித்தாள். அதன் பிறகே கை இறங்கியது. பின் அவள் திரும்பி நின்றாள். யாரும் சொல்லித் தராமல், நாவலின் அடுத்த வரியை அறியாமல், கடலுக்கு முதுகு காட்டி நின்றாள்.

கட் என்று சொல்ல இயக்குநர் மறந்துவிட்டார். கேமரா ஓடிக்கொண்டே இருந்தது. நான் மானிட்டரின் அந்தச் சிறிய செவ்வகத்தைப் பார்த்தேன். பிறகு தலையை நிமிர்த்தி, அதே பெண் அதே கரையில் நிற்பதைப் பார்த்தேன். இரண்டும் ஒன்றுதான் என்பதை நம்ப எனக்குச் சிறிது நேரம் தேவைப்பட்டது. இத்தனை காலம் அந்த வரியை ஒரு கதவு சாத்தப்படும் ஓசையாகக் கேட்டிருக்கிறேன். கதவின் மறுபுறத்தில் ஒரு கை இருந்தது என்பதை நாவலாசிரியர் அறிந்திருந்தாரா, தெரியவில்லை. வரியில் அது இல்லை. வரிக்கு உள்ளே இருந்திருக்கலாம். எவ்வளவு கூர்ந்து வாசித்தாலும் எட்டாத ஓர் ஆழத்தில் அது கிடந்திருக்கலாம். வேறொருவரின் உடம்பு வந்து நின்ற பிறகே மேலே வந்தது. மடியிலிருந்த புத்தகம் எனக்கு முதன்முறையாகக் கனமாகத் தெரிந்தது. அச்சத்துக்கு மிக அருகில் உள்ள ஒரு வியப்பு அது. ஆலயத்தில்கூட அதை நான் அடைந்ததில்லை.

இளைஞர் ஈரக் காலோடு திரும்பி வந்தார். அக்கா அவர் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தார்.

"எதுக்குலே ஓடுன? எட்டல்ல பாத்தியா?"

"டைரக்டர் சொன்னாரும்மா."

"அவரு சொன்னா? நல்லவேள, பொறத்தால நிண்ணாவது குருசு போட்டுட்டேன்."

அதோடு முடிந்தது என்று சாமான்களைக் கட்டத் தொடங்கினார்கள். அக்கா மட்டும் போகவில்லை. என்னிடம் வந்து தாழ்ந்த குரலில் கேட்டார். "மக்கா, மொதல்ல நாலு தடவ சொன்னேனே. அது அந்தப் பெட்டிக்க உள்ள கெடக்குமா?"

கிடக்கும் என்றேன்.

"அத மாய்ச்சுக் களையச் சொல்லு."

அந்த டேக்குகளை அழிக்கச் சொல்வது எவ்வளவு பெரிய கோரிக்கை என்று எனக்குத் தெரியும். கையசைவு படத்தொகுப்பில் எடுபடாமல் போனால், இயக்குநரிடம் மிஞ்சியிருப்பது அந்த இரண்டாவது டேக் மட்டும்தான். நாவலை வாசித்தவர்கள் அந்த வரிக்காகக் காத்திருப்பார்கள். நான் தயங்கினேன். என்னை அறியாமல் ஒரு கேள்வியும் கேட்டேன். "அக்கா, புத்தகத்தில் அது அச்சாகி எத்தனையோ வருடம் ஆகிறதே. அதை யாரும் அழிக்கவில்லையே?"

"புஸ்தகத்துல கெடக்கது அவளுக்க மொவனுக்கு" என்றார். "நான் சொன்னா அது எனக்க மொவனுக்காக்கும்."

இயக்குநரிடம் போய்ச் சொன்னேன். அந்த மூன்று வாரங்களில் கேட்கப்படாமல் அவரிடம் நான் பேசிய ஒரே சந்தர்ப்பம் அது. உதவி இயக்குநர், அந்த அம்மாவிடம் சரி என்று சொல்லிவிட்டு அழிக்காமல் வைத்துக்கொள்ளலாம், அவருக்கு எப்படித் தெரியும் என்றார். இயக்குநர் என்னைப் பார்த்தார். நான் அங்கேயே நின்றேன். அவர் கண்ணாடியைக் கழற்றி, சட்டை நுனியால் துடைத்து, மறுபடி போட்டுக்கொண்டார். பின் ஒலிப்பதிவாளரையும் கேமரா உதவியாளரையும் கூப்பிட்டார்.

"அந்த அம்மா முன்னாலேயே அழிங்க."

அழிப்பதற்கு முன் அக்கா ஒரு நிபந்தனை வைத்தார். கேட்க வேண்டும். ஒலிப்பதிவாளர் பெரிய காதொலியை அவர் தலையில் மாட்டி, இரண்டாவது டேக்கை ஓடவிட்டார். எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. அவர் கண்களை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தோம். வரி வந்த இடம் எங்களுக்கும் தெரிந்தது.

காதொலியைக் கழற்றினார். "நல்லாத்தான் சொல்லியிருக்கேன், இல்லியா?" என்றார், குரலில் ஒரு சிறு பெருமை இருந்தது.

"ரொம்ப நல்லா" என்றார் இயக்குநர்.

"அப்போ மாயுங்க."

நான்கு டேக்குகளும் ஒன்றன்பின் ஒன்றாகப் போயின. அக்கா மறுபடியும் காதொலியை மாட்டிக்கொண்டு, போட்டுக் காட்டச் சொன்னார். ஒன்றும் இல்லை என்பதை நன்றாகக் கேட்டுத் தெரிந்துகொண்ட பிறகே சேலையிலிருந்த மணலை உதறிவிட்டு வீட்டுக்கு நடந்தார்.

அன்று இரவு என் மேசையில் மூன்றாம் இயல் இருந்தது. துறவு என்ற சொல் வரும் இடங்களை மட்டும் வாசித்தேன். அதற்குமேல் எழுதவும் இல்லை, அடிக்கவும் இல்லை. வேறொன்று மனதை அரித்துக்கொண்டிருந்தது. ஒலி அழிந்தது உண்மை. ஆனால் சொன்னது சொன்னதுதானே என்று அக்கா நினைத்தால்? நான் அப்படி நினைப்பவள் அல்லேன். சொல்லுக்கும் நிகழ்வுக்கும் உள்ள தொடர்பைப் பற்றித் தேர்வில் கட்டுரை எழுதி நல்ல மதிப்பெண் பெற்றவள்.

மறுநாள் காலை, வீட்டில் நூலகம் என்று சொல்லிவிட்டு, குளச்சல் பேருந்தில் ஏறினேன்.

துறைமுகத்தில் ஏலக் குரல்களும் ஐஸ் உடைக்கும் சத்தமும் கலந்து கிடந்தன. படகுகள் ஏற்கெனவே வந்து நெருக்கமாக நின்றன. எந்தப் படகு என்று எனக்குத் தெரியாது. யாரிடமும் கேட்கவும் இல்லை. கூட்டத்தின் ஓரமாக நடந்துகொண்டே இருந்தேன். கடைசியில் அந்தக் குரலைக் கேட்டேன்.

"ஏலே, போன் என்னத்துக்கு வச்சிருக்க? மீனுக்குக் காட்டவா?"

"ரேஞ்சு கிட்டல்லம்மா."

"ஊரு ஒலகத்துக்கெல்லாம் கிட்டும், ஒனக்கு மட்டும் கிட்டாது."

உயரமான ஒருவன், ஒரு வாரத் தாடியோடு, மீன் கூடையைத் தோளில் வைத்தபடி அவர் முன்னால் நின்றான். அக்கா அவன் தாடியைப் பிடித்து ஆட்டினார். திரும்பியபோது என்னைப் பார்த்துவிட்டார்.

"ஏட்டி, நீ என்ன இங்க?"

"மீன் வாங்க வந்தேன்" என்றேன்.

"திங்கள்நகர் சந்தையில மீனு இல்லாமயா?" என்று ஒரு கணம் என்னைக் கூர்ந்து பார்த்தார். அதற்குமேல் கேட்கவில்லை. மகனின் கூடையிலிருந்து சிவந்த கிளிமீன்களை அள்ளி, ஒரு பையில் போட்டு, என் கையில் திணித்தார்.

மீன் கழுவ எனக்குத் தெரியாது. வீட்டுக்கு வந்து, அம்மா கேள்வி கேட்க வெளியே வருவதற்குள், கிணற்றடியில் குந்தி அமர்ந்து முதல் மீனின் செதிலை உரசத் தொடங்கினேன்.